நாச்சிமுத்து அண்ணன் செய்யாத தப்பு

புதன்கிழமை காலை கடையைத் திறந்து, பிரிண்டர் சூடாகட்டும் என்று காத்திருந்தபோது லோகநாதன் வந்து நின்றான். கையில் ஒரு பழைய போட்டோ. என் கடைக்கு யாராவது பேச்சில்லாமல் போட்டோவோடு வந்து நின்றால் பெரும்பாலும் அது கண்ணீர் அஞ்சலி அடிக்கத்தான் இருக்கும். போட்டோவில் இருந்தவர் அவனுடைய அப்பா நாச்சிமுத்து. "அப்பா போயிட்டாருங்கக்கா. வெடியால எழுப்புனோம், எந்திரிக்கவே இல்லீங்க" என்றான். முந்தாநாள்தான் அவர் என் கடைக்கு வந்து போயிருந்தார்.

அவனை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தேன். பெயருக்குக் கீழே 'செல்லாண்டியம்மன் கோயில் விழாக் குழு, முன்னாள் செயலாளர்' என்று போடட்டுமா என்று கேட்டேன். லோகநாதன் தலையைக் குனிந்துகொண்டே சொன்னான்: "வேண்டாங்கக்கா. அவிய புடுங்குன பேரை நாம எதுக்குங்க ஒட்டிக்கறது? வெறும் பேரு போதுமுங்க." வெறும் பெயரைப் போட்டேன். அந்த ஒரு வரி ஏன் இல்லாமல் போனது என்று உங்களுக்குத் தெரியும் என்று ஊர்க்காரர்கள் நீங்கள் எல்லோரும் நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள். உங்களுக்குத் தெரியாது. அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

என்னைத் தெரியாதவர்கள் கையிலும் இந்த நினைவு மலர் கிடைக்கலாம். என் பெயர் விஜயலட்சுமி. விமானப்படைத் தளத்தின் பெரிய கேட்டுக்கு எதிர் வரிசையில், ஆறு கடைகளில் மூன்றாவதாக ஜெராக்ஸ், டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். கணவர் இறந்த பிறகு இருபது வருஷத்துக்கும் மேலாக என்னையும் என் மகளையும் காப்பாற்றியது இந்தக் கடைதான். கடை இருக்கும் இடம் தளத்துக்குச் சொந்தம். வருஷத்துக்கு ஒரு முறை உரிமத்தைப் புதுப்பிப்பார்கள். வேண்டாம் என்று அவர்கள் நினைத்தால் அன்றைக்கே காலி செய்ய வேண்டியதுதான். இதை ஏன் முதலிலேயே சொல்கிறேன் என்பது போகப் போகப் புரியும்.

இந்தத் தளத்தின் கதையை நாச்சிமுத்து அண்ணன் சொல்லித்தான் நான் கேட்டிருக்கிறேன். வெள்ளைக்காரன் தன் சண்டைக்காக ஓடுதளம் போட வந்தது அவருடைய தாத்தா காலத்தில். சோளக்காடும் பருத்திக்காடுமாக இருந்த பூமியை அளந்து கல் நட்டு, மூன்று ஊர் ஜனங்களை எழுப்பி ரோட்டுக்கு இந்தப் பக்கம் உட்காரவைத்தார்கள். சண்டை முடிந்தது, வெள்ளைக்காரனும் போனான். ஓடுதளம் மட்டும் போகவில்லை, நீண்டுகொண்டே வந்தது. வீட்டு உத்தரங்களையும் ஆட்டுக்கல்லையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தவர்கள் குலதெய்வத்தை மட்டும் அப்படி ஏற்ற முடியவில்லை. ஆத்தாளை இடம் மாற்றலாமா என்று பூ வைத்துக் கேட்டார்களாம். மூன்று முறை கேட்டும் ஆத்தாள் உத்தரவு கொடுக்கவில்லை. "மண்ணைக் குடுத்துப்போட்டு வந்தோமுங்க. ஆத்தாளைக் குடுக்கலீங்க" என்பார் அண்ணன்.

ஆரம்பத்தில் வெறும் எல்லைக் கல்தான் இருந்தது. ஆடு மேய்க்கிறவர்கள் போகிற போக்கில் கோயிலில் விளக்கேற்றிவிட்டு வந்திருக்கிறார்கள். பிறகு முள்கம்பி வந்தது, அப்புறம் மதில். மதில் வந்த பிறகு மாசி மாதத்தில் ஒரே ஒரு நாள் உள்ளே போக அனுமதி. அந்த ஒரு நாளில்தான் பொங்கல் வைப்பது, முடி இறக்குவது, காது குத்துவது எல்லாம். உள்ளே போகிறவர்களின் பெயர்ப்பட்டியலை முன்கூட்டியே தளத்துக்குக் கொடுக்க வேண்டும். அந்தப் பட்டியலைத் தயாரிப்பது குழுவின் செயலாளர் வேலை. பதினெட்டு வருஷம் அதைச் செய்தவர் நாச்சிமுத்து அண்ணன். பதினெட்டு வருஷமும் அதை டைப் செய்தவள் நான்.

அவர் தளத்துக்குள்ளேயே பம்ப் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். அதனால் ஊருக்குத் தளத்தின் பாஷையும், தளத்துக்கு ஊரின் பாஷையும் சொல்லத் தெரிந்தவராக இருந்தார். ஒரு சமயம் புதிய ரக ஜெட் விமானங்கள் வந்தபோது கோழிப் பண்ணைக்காரர்கள் பாடு திண்டாட்டமாகிவிட்டது. தலைக்கு மேலே சத்தம் கிழிக்கும்போது குஞ்சுகள் மிரண்டு ஒரே மூலையில் போய்க் குவியும். அடியில் சிக்கியது மூச்சு முட்டிச் சாகும். செத்த குஞ்சுகளைச் சாக்கில் கட்டிக்கொண்டுவந்து கேட் முன்னால் கொட்டப்போவதாக ஒரு கூட்டமே கிளம்பி வந்தது. துப்பாக்கிக்காரர்கள் கேட்டை மூடிவிட்டு வரிசையாக நின்றார்கள். நான் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டேன். அண்ணன் நடு ரோட்டில் போய் நின்றுகொண்டு, வானத்தில் போகிறவனுக்குப் பிரேக் இருந்தால் நானே போய்ப் போடச் சொல்கிறேன் என்று கிண்டலாக ஆரம்பித்தார். சாக்கோடு வந்தவர்களில் இரண்டு பேர் சிரித்துவிட்டார்கள். பிறகு, ஷெட்டில் நாள் முழுக்க ரேடியோவைச் சத்தமாகப் பாடவிடுங்கள், குஞ்சுக்குக் காது பழகிவிடும் என்றார். சாக்குகள் திரும்பிப் போயின. இன்றைக்குப் பல்லடம் பக்கம் எந்தப் பண்ணைக்குப் போனாலும் ரேடியோ பாடிக்கொண்டிருக்கும்.

பட்டியல் விஷயத்தில் மட்டும் அவரிடம் கிண்டல் நடக்காது. நான் அடித்து முடித்த பிறகு, தான் கையால் எழுதிய தாளை ஒரு பக்கமும் என் தாளை ஒரு பக்கமும் வைத்து, ஒவ்வொரு பெயராக விரல் வைத்து வாய்விட்டுப் படிப்பார். நின்றுகொண்டுதான் படிப்பார், நாற்காலி போட்டாலும் உட்காரமாட்டார். இருநூறு பெயரையும் இப்படிப் படித்தால் என் கடையில் மற்ற வேலை எப்படி நடக்கும் என்று நான் கடுகடுத்திருக்கிறேன். நாங்கள் தெலுங்கு பேசுகிற குடும்பம். எங்கள் குலதெய்வம் ஒரு மலையடிவாரத்தில் மதில் இல்லாமல் இருக்கிறது. "உங்க சாமிய நீங்க நெனச்சப்பப் போயிக் கும்புட்டுக்கலாமுங்க அம்மணி. எங்குளுக்கு இந்தக் காயிதம்தானுங்க சாவி" என்பார்.

இரண்டு வருஷத்துக்கு முந்திய மாசி மாதம் உங்களுக்கு மறந்திருக்காது. எல்லையில் பதற்றம் என்று டிவியில் ஓயாமல் சொல்லிக்கொண்டிருந்தார்கள். விமானங்கள் நேரம் காலம் இல்லாமல் எழும்பின. எங்கள் கடை வரிசையில் தினமும் சோதனை நடந்தது. யார் வந்தார்கள், என்ன ஜெராக்ஸ் எடுத்தார்கள் என்று நோட்டில் எழுதிவைக்கச் சொன்னார்கள். ஆதார் நகல் வாங்காமல் சிம் கார்டு விற்றதற்காக ஐந்தாவது கடையை மூடிவிட்டார்கள். ஒரே நாளில் ஷட்டரில் சீல். அந்தப் பையன் எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தான். நான் என் கடைக்குள் உட்கார்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

விழாவுக்கு அனுமதி கிடையாது என்றுதான் முதலில் சொன்னார்கள். அண்ணன் நான்கு நாள் கேட்டில் நின்று, பாதுகாப்பு அதிகாரியைப் பார்த்துப் பேசினார். கடைசியில் வெள்ளிக்கிழமை காலை நான்கு மணி நேரம், அறுபது பேர் மட்டும் என்று சம்மதித்தார்கள். செவ்வாய் மாலை ஐந்து மணிக்குள் பட்டியலும் ஆதார் நகல்களும் வந்து சேர வேண்டும். ஒரு பெயர் பிசகினாலும் இனிமேல் இந்தக் கோரிக்கையோடு யாரும் வரக் கூடாது என்று அந்த அதிகாரி இந்தியில் சொன்னதைத் தமிழ் சார்ஜென்ட் ஒருவர் தமிழில் சொல்லியிருக்கிறார். மூன்று ஊரில் அறுபது பேரைப் பொறுக்குவது லேசான காரியமா? அண்ணன் தன் மனைவியைச் சேர்க்கவில்லை, மகனைச் சேர்க்கவில்லை. அதற்கே வீட்டில் அடுப்பு எரியவில்லை என்று கேள்விப்பட்டேன்.

அந்த அறுபதில் ஒரு பெயருக்காகக் குழுவில் சண்டையே நடந்தது. நான்கு மாதத்துக்கு முன் இறந்துபோன ராமசாமிக் கவுண்டரின் கொள்ளுப்பேரனுக்கு அன்றைக்குக் காது குத்து. மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும். அந்த மாமன் செந்தில்குமார் பல்லடத்துக்காரன். இந்தக் குலதெய்வத்துப் பங்காளி இல்லை. எங்கள் ஆட்களுக்கே இடம் இல்லாதபோது வெளியாளுக்கு எதற்கு என்று சிலர் குதித்தார்கள். அண்ணன் விட்டுக்கொடுக்கவில்லை. ராமசாமிக் கவுண்டர் வருஷா வருஷம் வந்த இடம் காலியாகத்தானே இருக்கிறது, அதில் மாமன் வரட்டும் என்று முடித்துவிட்டார். கையால் எழுதிய தாளில் நாற்பத்தோராவது வரியில் ராமசாமி என்று பழக்கத்தில் எழுதி, அதைக் கோடு போட்டு அடித்துவிட்டு, பக்கத்தில் செந்தில்குமார் என்று தெளிவாக எழுதியிருந்தார்.

அந்தச் செவ்வாய்க்கிழமை எங்கள் பகுதியில் பராமரிப்புக்காக மின்தடை. கரண்ட் வந்தபோது மணி நான்கைத் தாண்டிவிட்டது. புதிதாக அடிக்க நேரம் இல்லை. முந்தைய வருஷத்து ஃபைலைத் திறந்து, தாளில் இல்லாத பெயர்களை நீக்கிக்கொண்டே வந்தேன். அண்ணன் என் முதுகுக்குப் பின்னால் நின்று கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஆதார் நகல்களும் பழைய ஃபைலில் இருந்தவைதான். ஒன்றன் பின் ஒன்றாகப் பிரிண்ட் கொடுத்தேன். நான்கு நாற்பதுக்கு எல்லாவற்றையும் அடுக்கி அவர் கையில் கொடுத்தேன். அவர் வழக்கம்போல விரலை முதல் பெயரில் வைத்தார். "ஒருக்காப் படிச்சுப் பாத்துரலாமுங்க அம்மணி" என்றார்.

"நான் பாத்துட்டேங்ணா. எல்லாம் சரியா இருக்குது. நேரமாச்சு, கெளம்புங்க" என்றேன்.

நான் பார்க்கவில்லை. பதினெட்டு வருஷத்தில் அன்று ஒரு நாள்தான் அவர் படிக்காமல் போனார். நான் சொன்னதை நம்பிப் போனார்.

அவர் ரோட்டைக் கடந்து போய்க் கொடுத்துவிட்டு, அங்கிருந்தே எனக்குக் கையைக் காட்டிவிட்டு வீட்டுக்குப் போனார். மேஜையைச் சுத்தம் செய்யும்போது அவருடைய கையெழுத்துத் தாளை எடுத்தேன். அதன் அடியில் செந்தில்குமாரின் ஆதார் நகல் கிடந்தது. கம்ப்யூட்டரில் பார்த்தேன். நாற்பத்தொன்று, ராமசாமி. செத்துப்போனவரின் பெயரைக் கொடுத்தனுப்பியிருக்கிறேன். அவருக்குக் கண்ணீர் அஞ்சலி அடித்ததும் இதே கையால்தான்.

மணி ஐந்தேகால். ஓடிப் போயிருக்கலாம். போன் செய்திருக்கலாம். நான் ஐந்தாவது கடையின் சீலை நினைத்தேன். தப்பாக அடித்தது யார் என்று கேட்பார்கள், இந்தக் கடையா என்பார்கள். மகள் அப்போது கல்லூரியில் இரண்டாம் வருஷம். அறுபதில் ஒன்றை யார் பார்க்கப்போகிறார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, தாளையும் நகலையும் டிராயரில் போட்டுப் பூட்டினேன். வியாழக்கிழமை அண்ணன் பூசாரியின் ரேஷன் அட்டையை நகல் எடுக்க வந்தார். என்னவோ உற்சாகமாக இருந்தார். ஆத்தாளுக்கு எடுத்த புடவையின் நிறத்தைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். வாய் வரைக்கும் வந்தது. சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை காலை ஏழு மணிக்கே ஷட்டரைத் தூக்கிவிட்டு உட்கார்ந்தேன். கேட்டில் ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டார்கள். தன் பெயரைக் கேட்டவர் கையைத் தூக்கிவிட்டு, அடையாள அட்டையை ஒரு தட்டில் போட்டுவிட்டு, டோக்கன் வாங்கிக்கொண்டு உள்ளே போக வேண்டும். அட்டைகளைப் பிறகு காவலர் அறையில் வைத்து ஒத்துப் பார்ப்பார்கள். அண்ணன் பூசாரியோடும் பொங்கல் பானைகளோடும் முதல் ஆளாக உள்ளே போய்விட்டார். நான் விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தேன். நாற்பது போனது. "ராமசாமி" என்று கூப்பிட்டார்கள். யாரும் அசையவில்லை. மறுபடி கூப்பிட்டார்கள். கைக்குழந்தையோடு நின்ற குடும்பம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது. ராமசாமியின் மகன், அதாவது குழந்தையின் தாத்தா, செந்தில்குமாரின் முதுகில் கை வைத்து முன்னால் தள்ளியதை என் கண்ணால் பார்த்தேன். அவன் கையைத் தூக்கினான். தட்டில் தன் சொந்த அட்டையைப் போட்டுவிட்டு உள்ளே போனான்.

அங்கே நடந்ததைப் பிறகு லோகநாதன் கேட்டுவந்து சொன்னான். குழந்தைக்கு முடி இறக்கி, சந்தனம் பூசி, மாமன் மடியில் உட்காரவைத்திருக்கிறார்கள். ஆசாரி வலது காதைக் குத்தி முடித்தார். அந்த நேரத்தில் இரண்டு ஜீப் வந்து நின்றது. அந்த அதிகாரி கோயில் மண்ணை மிதிக்கும் முன் பூட்ஸைக் கழற்றினாராம். கழற்றிவிட்டுத்தான் வந்து செந்தில்குமார் யார் என்று கேட்டார். அவன் குழந்தையோடு எழுந்து நின்றான். அப்படியென்றால் ராமசாமி யார் என்று கேட்டார். எல்லோரையும் அப்படியே எழுப்பி நடக்கவைத்தார்கள். பொங்கல் பாதி வெந்த நிலையில் அடுப்பிலேயே நின்றது. குழந்தையின் இடது காதைக் குத்தவில்லை.

பத்து மணிக்குக் கேட் திறந்தது. நடுவில் அண்ணன், இரண்டு பக்கமும் துப்பாக்கிக்காரர்கள், முன்னால் அதிகாரியும் சார்ஜென்ட்டும். நேராக ரோட்டைக் கடந்து என் கடைக்கு வந்தார்கள். என் கை டிராயரின் மேல் இருந்தது. இந்தப் பட்டியலை அடித்தது நீங்கள்தானா, இவர் எழுதிக் கொடுத்த தாள் எங்கே என்று சார்ஜென்ட் கேட்டார்.

நான் வாயைத் திறக்கும் முன் அண்ணன் பேசினார். "அதை நான் அன்னைக்கே வாங்கிக் கிழிச்சுப்போட்டனுங்க சார். ராமசாமி பேரைக் கோடு போட்டு அடிக்காம உட்டது நாந்தானுங்க. அந்தம்மா நான் குடுத்ததைத்தான் அடிச்சாங்க."

அதிகாரி என்னைப் பார்த்தார். அப்படியா என்று சார்ஜென்ட் கேட்டார். அண்ணன் என்னைப் பார்க்கவே இல்லை, தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். தான் என்ன எழுதினோம் என்று அவருக்குத் தெரியாதா? நாற்பத்தோராவது வரிக்காகக் குழுவில் சண்டை போட்டவர் அவர். "ஆமாங்க சார்" என்றேன். அவ்வளவுதான் நான் பேசியது. அவரைத் திரும்பக் கூட்டிக்கொண்டு போனார்கள். எனக்கு நிம்மதியாக இருந்தது. அதை இப்போது எழுதக் கை கூசுகிறது, ஆனால் அந்த நிமிஷம் நிம்மதியாகத்தான் இருந்தது.

செந்தில்குமாரைச் சாயங்காலம் வரை விசாரித்தார்கள். பல்லடம் போலீஸில் கேட்டு, அவன் பனியன் கம்பெனியில் வேலை செய்கிற பையன்தான் என்று உறுதியான பிறகு விட்டார்கள். முழுப் பொறுப்பும் தன்னுடையது என்று அண்ணன் எழுதிக் கையெழுத்துப் போட்டதால் அவன் மேல் வழக்கு இல்லை. கோயில் அனுமதி ரத்தானது. தளத்துக்காரர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை. செத்தவர் பெயரில் ஒருவன் உள்ளே நின்றால், அந்த நேரத்தில் யாராக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். குழு கூடியது. வெளியாள் வேண்டாம் என்று அப்போதே சொன்னோமே என்றார்கள். தாத்தா காலத்திலிருந்து காப்பாற்றி வந்ததை ஒரே நாளில் தொலைத்துவிட்டாய் என்றார்கள். அவரை விட வயதில் சின்னவர்கள் எழுந்து நின்று பேசினார்கள். செயலாளர் பதவியை எடுத்தார்கள். அவருடைய பேத்தியின் மஞ்சள் நீராட்டுச் சீருக்குப் பாதிப் பேர் வரவில்லை. டீக்கடையில் அவர் போய் உட்கார்ந்தால் பேச்சு நின்றுபோனது. அந்தக் குழந்தைக்கு இப்போது மூன்று வயது நடக்கிறது. குத்த ஆரம்பித்த இடத்தில்தான் முடிக்க வேண்டும் என்று வேறு கோயிலில் குத்தமாட்டேன் என்கிறார்கள். ஒரு காதில் மட்டும் தோட்டோடு அது தெருவில் ஓடும்போதெல்லாம் ஊர் நாச்சிமுத்துவைத் திட்டியது.

அண்ணன் என் கடைக்கு வருவதை நிறுத்தவில்லை. ஒவ்வொரு மாதமும் முதல் திங்கட்கிழமை அனுமதி கேட்டு ஒரு மனு எழுதிக்கொண்டு வருவார். நான் அடித்துக் கொடுப்பேன். அவர் விரல் வைத்துப் படித்துவிட்டு, கேட்டில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு, பதில் இல்லாமல் திரும்புவார். நடந்ததைப் பற்றி மூச்சு விடமாட்டார். நான்காவது மாதம் என்னால் முடியவில்லை. ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டு அழுதுவிட்டேன். நாளைக்கே ஊர்க் கூட்டத்தில் வந்து சொல்கிறேன் என்றேன்.

அவர் அன்றைக்குத்தான் முதல் முறையாக நாற்காலியில் உட்கார்ந்தார். "எனக்கு ஊரு இருக்குதுங்க அம்மணி. திட்டுனாலும் என்ற ஊரு. உங்குளுக்கு இந்த ஒரு கடைதானுங்க" என்றார். நான் சொல்லத்தான் போகிறேன் என்று பிடிவாதம் பிடித்தேன். "நீங்க சொன்னாக் கடை போயிரும். கோயல் தொறக்காது. அப்பறம் எதுக்குங்க? மொதல்ல கதவு தொறக்கட்டும், பொறகு பாத்துக்கலாமுங்க." இதைச் சொல்லிவிட்டு மனுவை எடுத்துக்கொண்டு ரோட்டைக் கடந்தார்.

அந்தப் 'பொறகு' என்ற வார்த்தையைப் பிடித்துக்கொண்டு நான் இரண்டு வருஷம் ஓட்டிவிட்டேன். மகள் படிப்பை முடித்துவிட்டாள், சோமனூரில் வேலைக்கும் போகிறாள். கடை இல்லாவிட்டால் இப்போது நாங்கள் பட்டினி கிடக்கப்போவதில்லை. அப்போதும் நான் சொல்லவில்லை. பெரிய மனசு வைத்து அவர் ஒன்றைச் செய்தார் என்றால், அதை வசதியாக வாங்கி வைத்துக்கொண்டவள் நான். அவர் போவதற்கு இரண்டு நாள் முன்பு, இருபத்தோராவது மனுவைக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தவர், கேட்டில் புதிதாக வந்திருக்கிற காவலாளி தன்னை உட்காரச் சொன்னான் என்று சந்தோஷமாகச் சொன்னார். வாரேனுங்க என்றார். அதுதான் கடைசி.

அடக்கம் முடிந்த மூன்றாம் நாள், டிராயரிலிருந்து அந்தக் கையெழுத்துத் தாளையும் செந்தில்குமாரின் ஆதார் நகலையும் எடுத்துக்கொண்டு லோகநாதனின் வீட்டுக்குப் போனேன். அவன் அம்மா உள்ளே படுத்திருந்தார். நான் எல்லாவற்றையும் சொன்னேன். லோகநாதன் நாற்பத்தோராவது வரியை வெகுநேரம் பார்த்தான். "ரெண்டு வருசம் இதை டிராயருக்குள்ள வெச்சுட்டா இருந்தீங்க?" என்று கேட்டான். குரலை உயர்த்தவில்லை. உயர்த்தியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும். நான் அவனிடம் மன்னிப்புக் கேட்டேன்.

"எனக்குச் சொல்லி என்னுங்க ஆவுது? எங்கப்பன் செஞ்சிருக்கமாட்டாருன்னு எனக்குத் தெரியுமுங்க. தெரியாதவியளுக்குச் சொல்லுங்க" என்றான். பிறகு எழுந்து உள்ளே போய்விட்டான். என்னை அவன் மன்னித்தானா என்று தெரியவில்லை. அதற்குப் பிறகு கடைக்கு வரவில்லை. கருமாதிக்குக் கொடுக்கிற நினைவு மலரை அடிக்கும் வேலை மட்டும் என்னிடமே வந்தது. அதில் இரண்டு பக்கம் காலியாக விடப்பட்டிருந்தது. வேறு எவரும் எழுதித் தரவில்லை என்பதால் காலியா, எனக்காக விட்டானா, தெரியாது. நான் எழுதிவிட்டேன். இரண்டு பக்கத்துக்கு மேல் போய்விட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

நேற்றுக் காலை இதையே சுருக்கி எழுதி, அந்தத் தாளின் நகலையும் வைத்து, என் பெயரில் கையெழுத்துப் போட்டுத் தளத்தின் கேட்டில் கொடுத்துவிட்டேன். தவறு பட்டியலை எழுதியவருடையது அல்ல, அடித்தவளுடையது. தெரிந்தும் மறைத்தவள் நான். அவர் பெயரிலிருந்து அதை நீக்க வேண்டும், மூன்று ஊர்க்காரர்களுக்குக் கோயில் அனுமதியைத் திரும்பத் தர வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். பதில் வரவில்லை. இது உரிமம் புதுப்பிக்கிற மாதம். என்ன வந்தாலும் சரிதான்.

நாச்சிமுத்து அண்ணனிடமிருந்து எனக்கென்று நான் எடுத்துக்கொள்வது ஒன்றே ஒன்று. அவர் சுமந்த அந்தக் கெட்ட பெயர். அது என்னுடையது. கடை இருக்கும் வரை காலை எட்டு மணிக்குத் திறந்திருப்பேன். கடை போய்விட்டால் என் வீடு எங்கே என்று யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். குழுக் கூட்டத்தில் அவரை நாக்கைப் பிடுங்குகிற மாதிரி கேட்டீர்களே, அதில் ஒரு வார்த்தை விடாமல் என்னிடம் வந்து கேளுங்கள்.